யாருக்குச் சமரசம், யாருக்கு ஜப்தி? கல்வராயன் மலையடியில் நின்று பார்க்கும் கடன் வழக்குகளின் வரலாறு

வாங்கிய கடனைத் திருப்பிக் கட்ட முடியாமல் போனால் என்ன ஆகும்? இந்தக் கேள்விக்கு இந்த நாட்டில் எந்தக் காலத்திலும் ஒரே பதில் இருந்ததில்லை. பெரிய நிறுவனத்தின் முதலாளி கட்டாமல் விட்டால், வங்கி அதிகாரிகள் அவரோடு உட்கார்ந்து பேசுகிறார்கள். வட்டி கழிகிறது, அசலில் ஒரு பகுதியும் கழிகிறது, மிச்சத்துக்குத் தவணை கிடைக்கிறது. ஏக்கர் கணக்கில் நிலம் வைத்திருப்பவர் கட்டாமல் விட்டால், அடுத்த தேர்தலுக்கு முன் தள்ளுபடி வரும் என்று காத்திருக்க அவருக்கு ஒரு நியாயம் இருக்கிறது. நிலமே இல்லாதவர் கட்டாமல் விட்டால், அவருடைய உழைப்பும் அவர் பிள்ளைகளின் உழைப்பும்தான் ஈடு.

தேசிய மக்கள் நீதிமன்றம் நடக்கும் நாட்களில் வங்கிக் கடன் வழக்குகள் கட்டுக்கட்டாக வருகின்றன. சேரியிலிருந்தும் மலையிலிருந்தும் நோட்டீஸைக் கையில் பிடித்துக்கொண்டு வருபவர்களுக்கு, படித்த பிள்ளைகள் என்ற முறையில் துணைக்குப் போகிறவர்கள் நம் தோழர்கள்தான். "ஒரே தவணையில் இவ்வளவு கட்டிவிட்டால் முடிந்தது, இங்கே கையெழுத்துப் போடுங்கள்" என்று சொல்லப்படும் அந்த இடத்தில் நாம் என்ன சொல்ல வேண்டும்? அதற்கு சட்டம் தெரிந்திருக்க வேண்டும். சட்டம் ஏன் இப்படி இருக்கிறது என்று புரிய, வரலாறு தெரிந்திருக்க வேண்டும்.

அடிமை முறை ஒழிந்தது, முன்பணம் வந்தது

1843-ஆம் ஆண்டின் ஐந்தாம் சட்டம், ஒரு மனிதரை இன்னொருவரின் சொத்து என்று சொல்லி வரும் உரிமை எதையும் நீதிமன்றங்கள் அமல்படுத்தக் கூடாது என்றது. பின்னால் வந்த இந்தியத் தண்டனைச் சட்டம் அடிமைகளை வாங்குவதையும் விற்பதையும் குற்றமாக்கியது. பண்ணைகளில் தலைமுறை தலைமுறையாகக் கட்டுண்டிருந்த பறையர்களும் பள்ளர்களும் ஏட்டளவில் விடுதலையானார்கள். ஆனால் நிலம் யாரிடம் இருந்ததோ அவர்களிடமே இருந்தது. குடியிருந்த குடிசையின் மனைகூட மிராசுதாருக்கே சொந்தம்.

அடிமை என்று சொல்லிப் பிடித்து வைக்க முடியாத ஆளைக் கடன்காரன் என்று சொல்லிப் பிடித்து வைக்கலாம் என்பதைப் பண்ணையார்கள் விரைவில் கண்டுகொண்டார்கள். கல்யாணத்துக்கும் சாவுக்கும் பஞ்ச காலத்துக் கஞ்சிக்கும் கொடுத்த சில ரூபாய்கள் பத்திரமாக எழுதப்பட்டன. கடன் தீரும்வரை வேலை. கூலியோ வட்டிக்கே போதாது. ஆகவே கடன் தீராது. படியாள், பண்ணையாள் என்ற சொற்களுக்குப் பின்னால் இருந்த கணக்கு இதுதான்.

அரசும் இதற்குத் துணை நின்றது. 1859-இல் வந்த பதின்மூன்றாம் சட்டம், தொழிலாளர் ஒப்பந்த மீறல் சட்டம். முன்பணம் வாங்கிய தொழிலாளி வேலைக்கு வராவிட்டால் முதலாளி மாஜிஸ்திரேட்டிடம் புகார் கொடுக்கலாம். பணத்தைத் திருப்பிக் கொடு, அல்லது வேலையை முடித்துக் கொடு என்று மாஜிஸ்திரேட் உத்தரவிடுவார். இரண்டும் நடக்காவிட்டால் மூன்று மாதம் வரை கடுங்காவல். வியாபாரி வியாபாரிக்குக் கடன்பட்டால் அது உரிமையியல் வழக்கு. கூலி முதலாளிக்குக் கடன்பட்டால் அது ஜெயில். இந்தச் சட்டத்தை நீக்கும் சட்டம் 1925-இல்தான் வந்தது.

1891-இல் செங்கல்பட்டு கலெக்டராக இருந்த டிரெமன்ஹீர், பறையர்களின் நிலை பற்றி அரசுக்கு ஒரு குறிப்பு எழுதினார். கடனுக்காகத் தங்களையே எழுதிக்கொடுத்தவர்களின் நிலையும், குடியிருக்கும் மனைகூடச் சொந்தமில்லாத நிலையும் அதில் பதிவாயின. அதன் தொடர்ச்சியாக 1892-இல் வந்த அரசாணையிலிருந்து பிறந்ததுதான் நாம் பஞ்சமி நிலம் என்று சொல்லும் நிபந்தனை நிலம். முதல் பத்து ஆண்டுகள் யாருக்கும் விற்கவோ மாற்றவோ கூடாது. அதற்குப் பிறகும் ஒடுக்கப்பட்ட வகுப்பாருக்கு மட்டுமே மாற்றலாம் என்பது நிபந்தனை. இந்த நிபந்தனை ஏன் வந்தது என்பதைக் கவனியுங்கள். நிலம் கொடுத்தால் மட்டும் போதாது, கடன் அதை விழுங்கிவிடும் என்று அன்றைக்கே தெரிந்திருந்தது. தெரிந்தும் விழுங்கப்பட்டது. பஞ்சமி நிலங்களில் பெரும்பகுதி நம் கையைவிட்டுப் போனது பெரிய நீதிமன்ற வழக்குகளில் தோற்று அல்ல. அவசரத்துக்கு வாங்கிய சிறு கடன்களுக்கு வெற்றுத்தாளில் வைத்த கைநாட்டுகளில்தான் போனது. அந்த நிலங்களைக் கேட்டுத்தான் 1994-இல் காரணையில் ஜான் தாமஸும் ஏழுமலையும் துப்பாக்கிக் குண்டுக்கு உயிர் கொடுத்தார்கள்.

1938: 'விவசாயி' என்றால் யார்?

1929-இல் தொடங்கிய உலகப் பொருளாதார வீழ்ச்சியில் விளைபொருள் விலை சரிந்தது. வாங்கிய கடனோ சரியவில்லை. சென்னை மாகாணம் முழுவதும் நிலங்கள் லேவாதேவிக்காரர்கள் கைக்குப் போயின. 1937-இல் ராஜாஜி தலைமையில் அமைந்த காங்கிரஸ் அரசு, அடுத்த ஆண்டே சென்னை விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டத்தைக் கொண்டுவந்தது. 1932 அக்டோபர் முதல் தேதிக்கு முன்பு வாங்கிய கடன் என்றால், 1937 அக்டோபர் முதல் தேதியில் நிலுவையிலிருந்த வட்டி முழுவதும் ரத்து. அசலைப் போல இரண்டு மடங்கு ஏற்கெனவே கட்டியிருந்தால் கடனே தீர்ந்தது. கடன் கொடுத்தவர்கள் சும்மா இருக்கவில்லை. சுப்பிரமணியன் செட்டியார் - முத்துசாமி கவுண்டன் வழக்கு டில்லியிலிருந்த கூட்டாட்சி நீதிமன்றம் வரை போனது. மாகாண சட்டமன்றத்துக்கு இப்படிச் சட்டம் இயற்ற அதிகாரம் உண்டா என்பதே கேள்வி. பெரும்பான்மைத் தீர்ப்பு சட்டத்தைக் காப்பாற்றியது.

கடன் ஒப்பந்தம் புனிதமானது, அரசு அதில் கை வைக்கக் கூடாது என்று இன்று சொல்பவர்களுக்கு இந்த வழக்கு ஒரு பதில். எண்பது ஆண்டுகளுக்கு முன்பே இங்கே அரசு கை வைத்தது, நீதிமன்றம் ஏற்றுக்கொண்டது.

ஆனால் நமக்கு இன்னொரு கேள்வி இருக்கிறது. இந்தச் சட்டம் யாரை விவசாயி என்றது? விற்கத்தக்க உரிமையோடு நிலம் வைத்திருப்பவர், குத்தகை முதலிய வகையில் நிலத்தில் உரிமை உள்ளவர். ஏர் பிடித்தவர், நாற்று நட்டவர், களம் அடித்தவர் இந்த வரையறைக்குள் வரவில்லை. அந்த அமைச்சரவையில் விவசாயத்துறை அமைச்சராக இருந்தவர் தாழ்த்தப்பட்ட சமூகத் தலைவரான வி.ஐ. முனுசாமிப் பிள்ளை. அவர் அங்கே இருந்தும் சட்டத்தின் வரையறை நிலத்தையே சுற்றி வந்தது. நிலம் உள்ளவர் செட்டியாருக்குப் பட்ட கடன் குறைந்தது. அந்த நிலத்தில் உழைத்தவர் பண்ணைக்குப் பட்ட கடன் அப்படியே இருந்தது. சாதி என்ற சொல்லை ஒரு முறைகூடச் சொல்லாமல் ஒரு சட்டம் சாதியின்படி வேலை செய்ய முடியும் என்பதற்கு இதைவிடத் தெளிவான பாடம் வேண்டாம்.

மலைக்கு 1976-இல் வந்த 1947

கல்வராயன் மலையின் கதை இன்னும் கசப்பானது. வெள்ளிமலை, கரியாலூர் என்று பரந்து கிடக்கும் இந்த மலையில் வாழும் பழங்குடிகள் மலையாளிகள். கேரளத்துக்கும் இந்தப் பெயருக்கும் தொடர்பில்லை; மலையை ஆள்பவர்கள், மலையில் வாழ்பவர்கள் என்ற பொருளில் வந்த பெயர். ஆனால் மலையை ஆண்டவர்கள் சடைய கவுண்டன், குரும்ப கவுண்டன், அரிய கவுண்டன் என்ற மூன்று ஜாகீர்தார் குடும்பத்தினர். விஜயநகர மன்னர் கிருஷ்ணதேவராயர் காலத்துச் செப்பேட்டைக் காட்டி உரிமை கொண்டாடிய குடும்பங்கள் அவை. மக்கள் அவர்களுக்கு வரி கட்டினார்கள், கூலியில்லாமல் அவர்கள் நிலங்களில் உழைத்தார்கள்.

இனாம் எஸ்டேட்டுகளை ஒழிக்கும் சட்டம் 1963-இல் வந்துவிட்டது. என்றாலும் மலை அரசின் நேரடி ஆளுகைக்குள் வந்தது 1976 ஜூன் 25 அன்றுதான். நாடு விடுதலை பெற்று இருபத்தொன்பது ஆண்டுகள் கழித்து! நெருக்கடி நிலை அறிவிக்கப்பட்டு சரியாக ஓராண்டு நிறைந்த நாள் அது. நாடு முழுவதும் உரிமைகள் பறிக்கப்பட்டிருந்த நேரத்தில்தான் இந்த மலைக்கு உரிமை என்ற சொல்லே ஏறியது.

அதே நெருக்கடி காலத்தில் இன்னொரு சட்டமும் வந்தது. 1975 அக்டோபர் 25 அன்று அவசரச் சட்டமாக வந்து, 1976 பிப்ரவரியில் முழுச் சட்டமான கொத்தடிமை முறை ஒழிப்புச் சட்டம். இதை நம் தோழர்கள் பலர் தொழிலாளர் சட்டம் என்று மட்டும் நினைக்கிறார்கள். இதை ஒரு கடன் சட்டமாகவும் படியுங்கள். ஆறாம் பிரிவின்படி கொத்தடிமைக் கடன் முழுவதும் ஒழிந்தது. அதை வசூலிக்க எந்த நீதிமன்றத்திலும் வழக்குப் போட முடியாது. அதற்காகப் பிடுங்கிய சொத்தைத் திருப்பித் தர வேண்டும். எட்டாம் பிரிவின்படி குடியிருக்கும் மனையிலிருந்து வெளியேற்ற முடியாது. ஒன்பதாம் பிரிவின்படி, ஒழிந்துபோன அந்தக் கடனுக்காகப் பணம் வாங்கினாலே குற்றம். மூன்று ஆண்டு வரை சிறை. பதினைந்தாம் பிரிவின்படி, இது கொத்தடிமைக் கடன் அல்ல என்று நிரூபிக்க வேண்டியவர் கடன் கொடுத்தவர்.

வட்டிக் கழிவும் தவணையும் சமரசமும் எதுவும் இல்லாமல், மொத்தக் கடனும் பூஜ்யம் என்று சொன்ன சட்டம் இது. இந்தியாவில் இயற்றப்பட்ட கடன் தள்ளுபடிச் சட்டங்களில் இதைவிடப் பெரிய தள்ளுபடி கிடையாது. ஆனால் தேர்தல் மேடைகளில் கடன் தள்ளுபடி பற்றிப் பேசுகிற எந்தக் கட்சியும் இந்தச் சட்டத்தைப் பற்றிப் பேசிக் கேட்டதில்லை. இதனால் பயன்பெற வேண்டியவர்கள் பட்டியல் சாதியினரும் பழங்குடிகளும் என்பதுதான் காரணம்.

உச்ச நீதிமன்றம் தன் பங்குக்குச் சில நல்ல தீர்ப்புகளைக் கொடுத்தது. 1982-இல் ஆசிய விளையாட்டுத் தொழிலாளர் வழக்கில், வறுமையின் நெருக்கடியால் குறைந்தபட்சக் கூலிக்கும் கீழே வேலை செய்ய வைப்பதும் கட்டாய உழைப்பே என்றது. 1983-இல் பந்துவா முக்தி மோர்ச்சா வழக்கில், கட்டாய உழைப்பு நடக்கிறது என்று காட்டிவிட்டால் அது ஏதோ ஒரு முன்பணத்துக்காகத்தான் என்று ஊகித்துக்கொள்ளலாம் என்றது. 1995-இல் அதே நீதிமன்றம் நியமித்த குழு, தமிழ்நாட்டில் பத்து லட்சத்துக்கும் மேற்பட்ட கொத்தடிமைகள் இருப்பதாக அறிக்கை கொடுத்தது. மாநில அரசோ கொத்தடிமையே இல்லை என்று சாதித்தது.

இன்றும் கரும்பு வெட்டுக்கும் செங்கல் சூளைக்கும் மரம் வெட்டவும் போகிறவர்கள் மேஸ்திரியிடம் முன்பணம் வாங்கிக்கொண்டுதான் போகிறார்கள். மலையில் கடுக்காய்க்கும் புளிக்கும் மரவள்ளிக்கும் முன்பே பணம் கொடுத்து விலையைத் தானே வைக்கும் வியாபாரிகள் இருக்கிறார்கள். 2015 ஏப்ரல் 7 அன்று சேஷாசலம் காட்டில் ஆந்திரப் போலீஸ் சுட்டுக் கொன்ற இருபது தமிழர்களில் பலர், ஜவ்வாது மலை, சித்தேரி மலைப் பகுதிகளிலிருந்து போன மலையாளிப் பழங்குடிகள். செம்மரக் கடத்தல் என்ற தலைப்புக்குக் கீழே இருப்பது வேலையில்லாத மலையும், கையில் திணிக்கப்பட்ட முன்பணமும்.

வங்கி வந்தது, பட்டா கேட்டது

1969 ஜூலையில் 14 வங்கிகள் நாட்டுடைமையாயின. லேவாதேவிக்காரரிடமிருந்து ஏழைகளை மீட்பது அதன் நோக்கங்களில் ஒன்று. 1972-இல் 4 சதவீத வட்டிக் கடன் திட்டம் வந்தது. முந்தைய ஆண்டுக் கடனில் ஒரு சதவீதத்தை இப்படிக் கொடுக்க வேண்டும், அதில் 40 சதவீதம் பட்டியல் சாதியினருக்கும் பழங்குடிகளுக்கும் என்பது விதி. 1974-இல் தமிழ்நாட்டில் தாட்கோ தொடங்கப்பட்டது. மலைப்பகுதிகளுக்கு லேம்ப்ஸ் எனப்படும் பெரிய பலநோக்குக் கூட்டுறவுச் சங்கங்கள் வந்தன. 1980 முதல் ஒருங்கிணைந்த ஊரக வளர்ச்சித் திட்டத்தில் மாடும் ஆடும் கடனில் வந்தன.

இவை எதுவும் வீண் என்று நாம் சொல்லவில்லை. வங்கியின் வாசற்படியை முதன்முதலாக நம் மக்கள் மிதித்தது இந்தத் திட்டங்களால்தான். ஆனால் மானியத்துக்காக இலக்கு நிரப்பப்பட்டது. நோஞ்சான் மாடு கொழுத்த விலைக்குக் கணக்கில் ஏறியது. மாடு செத்தது, கடன் சாகவில்லை. அந்த ஒரு கடன் நிலுவையைக் காட்டியே அடுத்த தலைமுறைக்கு வங்கிக் கதவு மூடப்பட்டது.

பெரிய கடன் என்றால் ஈடு வேண்டும், ஈடு என்றால் பட்டா வேண்டும். 2011 மக்கள்தொகைக் கணக்கின்படி தமிழ்நாட்டில் நாம் நூற்றுக்கு இருபது பேர். நிலத்தில் நம் பங்கு அதற்கு எந்த வகையிலும் ஈடாகாது. பஞ்சமி நிலம் நிபந்தனை நிலம் என்பதால் வங்கி தயங்குகிறது. 2006 வன உரிமைச் சட்டத்தில் கிடைக்கும் உரிமையோ வாரிசுகளுக்குப் போகும், பிறருக்கு மாற்ற முடியாது. நிலத்தைக் காக்க வந்த நிபந்தனை இது, சரியானதுதான். ஆனால் அதையே காரணம் காட்டி, மலைவாசியை வங்கி வெளியே நிறுத்துகிறது. வேளாண் கடனில் 2025 ஜனவரி முதல் இரண்டு லட்சம் ரூபாய் வரை ஈடு கேட்கக் கூடாது என்று ரிசர்வ் வங்கியே சொல்லியிருக்கிறது. இந்த விதியை மேலாளரிடம் எடுத்துச் சொல்ல ஆள் இருக்கிறதா என்பதுதான் கேள்வி.

வங்கி மூடிய கதவுக்கு வெளியே சுயஉதவிக் குழு என்ற பெயரில் நுண்கடன் நிறுவனங்கள் வந்து நின்றன. அங்கே ஈடு வேண்டாம். பக்கத்து வீட்டுப் பெண்ணின் மானமே ஈடு. ஒருத்தி கட்டாவிட்டால் குழுவே அவள் வாசலில் உட்காரும். 2010-இல் ஆந்திரத்தில் இது தற்கொலைகளில் முடிந்து, அந்த அரசு அவசரச் சட்டம் கொண்டுவந்தது. தமிழ்நாட்டில் கந்துவட்டித் தடைச் சட்டம் 2003-லேயே வந்தது. 2017 அக்டோபரில் நெல்லை கலெக்டர் அலுவலகத்திலேயே ஒரு கூலிக் குடும்பம் தீக்குளித்தபோது அந்தச் சட்டம் புத்தகத்தில்தான் இருந்தது.

சமரசம் என்பது சலுகையா, உரிமையா?

பெரிய கடன்களுக்குத் தனிப் பாதை போடப்பட்டது. 1993-இல் கடன் மீட்புத் தீர்ப்பாயங்கள். 2002-இல் சர்ஃபேசி சட்டம்: அறுபது நாள் நோட்டீஸ் கொடுத்துவிட்டு, நீதிமன்றம் போகாமலே வங்கி ஈட்டுச் சொத்தைக் கைப்பற்றலாம். தீர்ப்பாயத்தில் முறையிட வேண்டுமானால் முதலில் 75 சதவீதத்தைக் கட்டு என்றிருந்த நிபந்தனையை, 2004-இல் மார்டியா கெமிக்கல்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் நீக்கியது. வழக்குப் போட்டு வென்றது ஒரு தொழில் நிறுவனம்தான். ஆனால் பயன் வீட்டுக்கடன் வாங்கிய எல்லோருக்கும் கிடைத்தது. வேளாண் நிலத்தின் மீதான ஈட்டுக்குச் சர்ஃபேசி பொருந்தாது என்று அதன் 31-ஆம் பிரிவு சொல்கிறது, இதையும் குறித்துக்கொள்ளுங்கள்.

அடுத்து, ஒரே தவணைத் தீர்வு. 2009-இல் சர்தார் அசோசியேட்ஸ் வழக்கில், ரிசர்வ் வங்கியின் சமரச வழிகாட்டுதல்கள் வங்கிகளைக் கட்டுப்படுத்தும் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. 2021 டிசம்பரில் பிஜ்னோர் நகரக் கூட்டுறவு வங்கி வழக்கில், சமரசத் தீர்வை உரிமையாகக் கேட்க முடியாது, அதைக் கொடுக்கும்படி உயர் நீதிமன்றம் உத்தரவிடவும் முடியாது என்றது. 2022-இல் இன்னொரு வழக்கில், சமரசத்தில் குறித்த கெடுவை நீதிமன்றம் தானாக நீட்டிக்க முடியாது என்றது. சுருக்கமாகச் சொன்னால், சமரசம் கொடுப்பதும் மறுப்பதும் வங்கியின் கையில்.

வங்கியின் கை யார் பக்கம் நீள்கிறது? 2014-15 முதல் ஒன்பது நிதியாண்டுகளில் வங்கிகள் தங்கள் ஏட்டிலிருந்து நீக்கிய கடன் 14.56 லட்சம் கோடி ரூபாய் என்று ஒன்றிய அரசு 2023-இல் நாடாளுமன்றத்தில் சொன்னது. அதில் 7.40 லட்சம் கோடி பெருந்தொழில், சேவை நிறுவனங்களுடையது. ஏட்டிலிருந்து நீக்குவது வேறு, தள்ளுபடி வேறு என்று வங்கிகள் விளக்கம் சொல்லும். அந்த வேறுபாடு உண்மைதான். நீக்கிய பிறகும் வசூலிக்கலாம். ஆனால் அதே காலத்தில் வசூலானது சுமார் 2 லட்சம் கோடிதான். 2023 ஜூனில் ரிசர்வ் வங்கி, வேண்டுமென்றே கட்டாதவர்களோடும் சமரசம் செய்துகொள்ளலாம் என்று சுற்றறிக்கை விட்டது. வங்கி ஊழியர் சங்கங்களே அதை எதிர்த்தன. முடியாமல் கட்டாத மலைவாசிக்குச் சமரசம் உரிமை இல்லை. முடிந்தும் கட்டாத முதலாளிக்குச் சமரசம் கொள்கை.

முதலாளியின் கடனுக்கு விவசாயி மாட்டிக்கொண்ட கதையும் இங்கே நடந்தது. தஞ்சை மாவட்டம் திருமண்டங்குடியில் திரு ஆரூரான் சர்க்கரை ஆலை, தங்கள் பெயரில் வங்கிகளில் கடன் எடுத்துவிட்டது என்பது கரும்பு விவசாயிகளின் குற்றச்சாட்டு. ஆலை திவால் நடவடிக்கையில் கைமாறியது. கடன்காரர் பட்டியலில் விவசாயிகளின் பெயர் அப்படியே நின்றது. 2022 நவம்பர் முதல் அவர்கள் தொடர் போராட்டம் நடத்தினார்கள். கச்சிராயபாளையம், மூங்கில்துறைப்பட்டு கூட்டுறவு ஆலைகளை நம்பிக் கரும்பு போடும் நம் மாவட்டத்து விவசாயிகளுக்கும், அதை வெட்டும் நம் மக்களுக்கும் இது தூரத்துச் செய்தி அல்ல.

தள்ளுபடி வழக்கு சொன்ன பாடம்

2016-இல் தமிழக அரசு கூட்டுறவுப் பயிர்க்கடனைத் தள்ளுபடி செய்தது, ஆனால் சிறு, குறு விவசாயிகளுக்கு மட்டும். இது பாகுபாடு என்று வழக்கு வந்தது. 2017 ஏப்ரலில் சென்னை உயர் நீதிமன்றம் எல்லா விவசாயிகளுக்கும் கொடு என்றது. அரசு மேல்முறையீடு செய்தது. 2021 நவம்பரில் உச்ச நீதிமன்றம் அரசின் பக்கம் நின்றது. பலவீனமானவர்களுக்கு மட்டும் தனியாக உதவுவது சமத்துவத்துக்கு எதிரானது அல்ல, சமத்துவமே அதுதான் என்பது தீர்ப்பின் சாரம்.

இடஒதுக்கீட்டுக்காக வாதாடும் நமக்கு இந்த வாதம் புதிதல்ல. ஆனால் இதை ஒரு படி மேலே கொண்டுபோக வேண்டும். ஐந்து ஏக்கருக்குக் கீழே உள்ளவரைத் தனியாகப் பார்ப்பது நியாயம் என்றால், ஏக்கரே இல்லாதவரைத் தனியாகப் பார்ப்பது அதைவிட நியாயம். 2021 பிப்ரவரியில் அறிவித்த 12,110 கோடி ரூபாய்த் தள்ளுபடியும் பயிர்க்கடனுக்குத்தான். நுண்கடன் கட்டும் கூலிப் பெண் இதில் இல்லை. 1938-இன் வரையறை பெயர் மாறி இன்றும் நடமாடுகிறது.

அண்ணல் அம்பேத்கர் 1947-இல் எழுதிய 'மாநிலங்களும் சிறுபான்மையினரும்' என்ற திட்டத்தில், நிலத்தை அரசுடைமையாக்கி, விதை, உரம், நீர், கருவிகள், முதல் எல்லாவற்றையும் அரசே கொடுத்துக் கூட்டுப் பண்ணையாக நடத்த வேண்டும் என்றார். அது நடந்திருந்தால் ஜாகீர்தாரும் இல்லை, பண்ணையாரும் இல்லை, கடன் கொடுத்து ஆளைப் பிடிப்பவரும் இல்லை. அவர் கேட்டது தள்ளுபடி அல்ல. கடன்படத் தேவையில்லாத ஏற்பாடு.

இன்றைக்கு நம் கையில் இருப்பவை

அந்த ஏற்பாடு வரும்வரை, நோட்டீஸோடு வருபவருக்கு நாம் செய்யக்கூடியவை உண்டு.

முதலில், கடன் கொடுத்தவர் யார் என்று கேளுங்கள். வேலைக்கு எதிராகக் கொடுத்த முன்பணம் என்றால் அது கடனே அல்ல. கோட்டாட்சியரிடமும் கலெக்டரிடமும் மனுக் கொடுத்து விடுதலைச் சான்று கேளுங்கள். வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்திலும் கொத்தடிமையாக்குவது தனிக் குற்றம். 2016 மறுவாழ்வுத் திட்டத்தில் ஒரு லட்சம் முதல் மூன்று லட்சம் வரை உதவி உண்டு; முழுத் தொகை குற்றவாளி தண்டிக்கப்படுவதோடு முடிச்சுப் போடப்பட்டிருக்கிறது. ஆகவே வழக்கைப் பாதியில் விடாதீர்கள்.

வங்கிக் கடன் என்றால் தேதியைப் பாருங்கள். ஈடில்லாத கடனுக்கு வழக்குப் போட மூன்று ஆண்டுதான் கெடு. கெடு முடிவதற்குள் கடனை ஒப்புக்கொண்டு எழுத்தில் கையெழுத்துப் போட்டால், அன்றிலிருந்து கெடு புதிதாக ஓடும். சமரசம் கேட்டு எழுதும் கடிதமும் அப்படிப்பட்ட ஒப்புதலாகிவிடலாம். முகாமில் நீட்டும் தாளைப் படிக்காமல் கையெழுத்துப் போடச் சொல்லாதீர்கள்.

மக்கள் நீதிமன்றத்தில் எழுதும் சமரசம் நீதிமன்றத் தீர்ப்புக்குச் சமம். அதன் மீது மேல்முறையீடு கிடையாது. ஆகவே தொகையை மட்டும் பார்க்காமல், ஒரு தவணை தவறினால் என்ன என்று எழுதியிருக்கிறது என்பதைப் பாருங்கள். பெரும்பாலும் சலுகை ரத்தாகிப் பழைய கடன் முழுவதும் உயிர்பெறும் என்று இருக்கும். கட்ட முடியாத தொகைக்கு ஒப்புக்கொள்வதைவிட, இன்று ஒப்பாமல் திரும்பி வருவது நல்லது. அங்கே ஒப்புக்கொள்ள வேண்டும் என்ற கட்டாயம் யாருக்கும் இல்லை. வங்கியின் சமரசக் கொள்கை என்ன, இதே கிளையில் மற்றவர்களுக்கு எந்த அளவில் குறைத்தார்கள் என்று பொதுத்துறை வங்கியிடம் தகவல் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள். சமரசம் உரிமை இல்லாமல் இருக்கலாம். பாகுபாடு காட்டாமல் நடத்தப்படுவது உரிமை.

ஜப்தி என்று மிரட்டினால் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 60-ஆம் பிரிவை நினைவில் வையுங்கள். கைத்தொழில் கருவிகள், உழவுக் கருவிகள், உழவு மாடு, விவசாயியும் கூலித் தொழிலாளியும் குடியிருக்கும் வீடு, கூலி ஆகியவற்றுக்கு அதில் பாதுகாப்பு உண்டு. சிறை என்று மிரட்டினால், 1980-இல் ஜாலி ஜார்ஜ் வர்கீஸ் வழக்கில் நீதிபதி கிருஷ்ண ஐயர் எழுதிய தீர்ப்பைச் சொல்லுங்கள். வசதி இருந்தும் கெட்ட எண்ணத்தோடு ஏமாற்றினால் ஒழிய, வறுமையால் கட்ட முடியாதவரைச் சிறையில் அடைப்பது அரசியலமைப்பின் 21-ஆம் பிரிவுக்கு எதிரானது. வழக்கறிஞருக்குப் பணமில்லை என்றால், பட்டியல் சாதியினருக்கும் பழங்குடிகளுக்கும் வருமான வரம்பு பார்க்காமல் இலவச சட்ட உதவி தர வேண்டும் என்று 1987 சட்டப்பணிகள் ஆணையச் சட்டத்தின் 12-ஆம் பிரிவு சொல்கிறது.

2024 ஜூனில் கருணாபுரத்தில் விஷச் சாராயத்துக்கு அறுபதுக்கும் மேற்பட்டோர் பலியான பிறகுதான், கல்வராயன் மலையின் சாலையும் பள்ளியும் மருத்துவமனையும் சென்னை உயர் நீதிமன்றத்தின் கண்ணில் பட்டன. நீதிமன்றம் தானாகவே வழக்கு எடுத்தது. அந்த வழக்கில் மலையின் கடன் கணக்கும் பேசப்பட வேண்டும். எத்தனை குடும்பங்கள் மேஸ்திரியின் முன்பணத்தில் இருக்கின்றன, எத்தனை பேருக்கு வன உரிமைப் பட்டா இருந்தும் பயிர்க்கடன் மறுக்கப்பட்டது, எத்தனை வீடுகளில் நுண்கடன் நோட்டீஸ் கிடக்கிறது என்பது எந்த அலுவலகத்தின் ஏட்டிலும் முழுமையாகக் கிடைக்காது. ஊர் ஊராகப் போய் அந்தத் தாள்களைப் பார்த்து, தேதியும் தொகையும் குறித்து வருவதற்கு நம் மாணவர்களால் முடியும். டிரெமன்ஹீருக்கு அன்று கிடைத்தவையும் அப்படிப்பட்ட தாள்கள்தான். அவற்றைப் படிக்க அன்று ஒரு வெள்ளைக்காரக் கலெக்டர் தேவைப்பட்டார். இன்று நமக்கே படிக்கத் தெரியும்.